கத்திரித் தொரை

அவரிடம் யாரும் ஒரு பேச்சை முழுசாகப் பேசி முடித்ததில்லை. "தொரை, நேத்து அப்புத்தளைப் பக்கம் போனேனா, அங்க மழைன்னா மழை, ரோட்டுல ஒரு வண்டி…" என்று நான் ஆரம்பித்தால் போதும். கழுத்தில் கயிறு கட்டித் தொங்கவிட்டிருக்கும் கத்திரியை எடுத்து, என் மூக்குக்கு நேரே காற்றில் ஒரு வெட்டு வெட்டுவார். சக்! "போனே. வந்தே. அப்புறம்?" என்பார். அப்புறம் என்ன இருக்கும்? போனதும் வந்ததும்தான் கதையே. நான் வாயை மூடிக்கொண்டு பாலில்லாத வெறுந்தேத்தண்ணியைக் குடிப்பேன்.

எனக்கு அது பெரிய அவமானம். ஏனென்றால் பேசுவதுதான் என் தொழில். பதுளைக் கடைவீதியில் ஜவுளிக்கடை வைத்திருந்த ஒரு முஸ்லிம் முதலாளி பயாஸ்கோப்பும் நடத்தி வந்தார். அதில் நான் கதைசொல்லி. அந்தக் காலத்துப் படங்களுக்கு வாய் கிடையாது. வெள்ளைத் துணியில் ஆட்கள் ஓடுவார்கள், அழுவார்கள், ஒருவரையொருவர் சுட்டுக்கொள்வார்கள். எல்லாம் ஊமையாகவே நடக்கும். நடுநடுவே இங்கிலீஷில் எழுத்து வரும். அதைப் படிக்கத் தெரிந்த பெரிய மனிதர்கள் எங்கள் பயாஸ்கோப்புக்கு வர மாட்டார்கள். வருகிறவர்களுக்கு அதைப் படிக்கத் தெரியாது. ஆகவே திரைக்குப் பக்கத்தில் பிரம்போடு நின்று, "இவருதான் சீமைத் தொரையோட மகன், இந்தப் பொண்ணு மேல இவருக்கு ஒரு கண்ணு" என்று உரக்கச் சொல்ல ஒரு ஆள் வேண்டும். அந்த ஆள் நான். என் குரல் நமுனுகுல மலையில் பட்டுத் திரும்பி வரும் என்று சொல்வார்கள். சொல்வார்கள் என்ன, நானே கேட்டிருக்கிறேன்.

அவர் எங்களிடம் வந்து சேர்ந்ததே ஒரு கூத்து. ஒரு சர்க்கஸ் கம்பனி பண்டாரவளையில் நொடித்துப் போனது. குதிரைகளைத் தோட்டத் துரைமார் வாங்கிக்கொண்டார்கள். குரங்குகள் யாருக்கும் காத்திராமல் தாமாகவே காட்டுக்குப் போய்விட்டன. படம் காட்டும் மெஷினையும் ஒரு பெட்டி நிறையப் படச்சுருள்களையும் எங்கள் முதலாளி ஏலத்தில் எடுத்தார். மாட்டுவண்டி பதுளைக்கு வந்து நின்றபோது, பெட்டியின் மேல் காது சிவந்த ஒரு வெள்ளைக்காரர் உட்கார்ந்திருந்தார்.

"அல்லாவே! இந்த மனிசன நான் வாங்க இல்லியே!" என்றார் முதலாளி.

"எனக்கென்னங்க தெரியும்? பொட்டி மேல இருந்தாரு. எறங்கச் சொன்னா எறங்க மாட்டேங்கிறாரு" என்றார் வண்டிக்காரர்.

வெள்ளைக்காரர் தன் கத்திரியைக் காட்டினார். பெட்டியைக் காட்டினார். தன் நெஞ்சைக் காட்டினார். அந்தச் சுருள்களையெல்லாம் வெட்டி ஒட்டியவர் அவர்தான், அவை போகிற இடத்துக்குத்தான் அவரும் போவார் என்பது எங்களுக்குப் பிற்பாடுதான் விளங்கியது. முதலாளி அன்று கேட்டது ஒன்றே ஒன்று. "சாப்பாட்டுக்கு என்ன செய்வாரு?" அதற்கும் அவர் முதலாளியையே காட்டினார்.

ஜவுளிக்கடைக்குப் பின்னால் துணி மூட்டை அடுக்கும் கிட்டங்கியில் அவருக்கு இடம் கிடைத்தது. தமிழை அவர் வண்டிக்காரர்களிடம் படித்தார். படித்ததிலும் தனக்கு வேண்டிய துண்டுகளை மட்டும் வைத்துக்கொண்டார். மரியாதை, நலம் விசாரிப்பு, சமாதானம் எல்லாவற்றையும் கழித்துவிட்டார். முதலாளியைப் பார்த்தே "வா, உக்காரு, என்ன?" என்பார். முதலாளி முதலில் சுற்றுமுற்றும் பார்ப்பார், பிறகு உட்காருவார்.

தேவையில்லாதது ஒன்று கண்ணில் பட்டால் அவருக்குக் கை அரிக்கும். கோட்டில் ஒரு பொத்தானைத்தான் போடுகிறோம், மற்றவை எதற்கு என்று வெட்டிவிட்டார். கொஞ்ச நாள் கழித்து அந்த ஒன்றையும் போடுவதில்லை என்று கண்டுபிடித்து அதையும் வெட்டிவிட்டார். குடையின் வளைந்த கைப்பிடி போயிற்று. முதலாளியின் புதுத் தொப்பியில் தொங்கிய குஞ்சம் போயிற்று. அன்றைக்கு முதலாளி கிட்டங்கி வாசலில் நின்று கத்தியதைக் கடைவீதியே கேட்டது. தொரை கொஞ்ச நேரம் பொறுத்திருந்தார். பிறகு, சக்!

படத்தில் என்றால் கேட்கவே வேண்டாம். ஒருவன் வீட்டை விட்டுக் கிளம்பி, தெருவெல்லாம் நடந்து, ஸ்டேஷனுக்குப் போய் ரயில் ஏறுவான். இவர் நடையை முழுசாக வெட்டிவிடுவார். ஆள் வீட்டுக் கதவைத் திறப்பான், மறுகணம் ரயிலில் இருப்பான். சனங்கள் வாய்பிளந்து, "எப்படிய்யா போனான்? மந்திரக்காரனா?" என்று கேட்பார்கள். "அவங்க ஊர்ல ஸ்டேஷன் வீட்டுக்குப் பக்கத்துலயே இருக்குங்க" என்று நான் சமாளிப்பேன். முதலாளிக்கோ வயிறு எரியும். "மகன், முழு நீளத்துக்கும் சல்லி குடுத்து வாங்கின படம் இது. இவரு பாதிய வெட்டி நிலத்தில போடுறாரு. ஜவுளிக் கடையில இப்படி வெட்டினா நான் எப்படி விக்கிற?" என்பார். போய்ச் சொல்லேன் என்று என்னைத்தான் அனுப்புவார். நான் போய் ஆரம்பிப்பேன். அவர் கத்திரியை எடுப்பார். நான் திரும்பி வருவேன்.

வார்சா என்ற பட்டணத்தில் ஒரு படக் கம்பனியில் வேலை பார்த்தவர் அவர். அந்த வேலை ஏன் போயிற்று என்று ஒருநாள் துண்டு துண்டாகச் சொன்னார். ஒரு பெரிய பிரபு தன் மகளின் கல்யாணத்தைப் படம் பிடித்து, வெட்டி ஒட்டித் தரச் சொன்னாராம். ஜெபம், ஊர்வலம், விருந்து, மாமன் மச்சான் எல்லாரும் அதில் இருந்தார்கள். இவர் உட்கார்ந்து வெட்டினார், வெட்டினார், கடைசியில் ஒரே ஒரு துண்டுதான் மிஞ்சியது. மணப்பெண் ஒரு தடவை ஜன்னல் பக்கம் திரும்பிப் பார்க்கிறாள். அவ்வளவுதான்.

"ஜன்னலுக்கு அந்தப் பக்கம் யாரு தொரை?"

"தெரியாது. ஆனா படம் அதுதான்."

பிரபு நாயை அவிழ்த்துவிட்டாராம். நாயிடமிருந்து தப்பி சர்க்கஸில் சேர்ந்து, கப்பலேறி, கடைசியில் எங்களிடம் வந்தார். எனக்கு அந்தப் பெண்ணை நினைத்து இரண்டு நாள் மனசு சரியில்லை.

என் கல்யாணத்துக்கும் வந்தார். பதுளையில் எங்கள் கோயில் பாதிரியார் பிரசங்கத்தை ஆதாமிலிருந்து ஆரம்பித்தார். ஏவாள் வந்தாள், சர்ப்பம் வந்தது, காயீன் வந்தான். நோவா பேழைக்குள் மிருகங்களை ஒவ்வொன்றாக ஏற்றிக்கொண்டிருந்தபோது பின்வரிசையில் கேட்டது, சக்! கோயில் முழுக்கத் திரும்பிப் பார்த்தது. பாதிரியாருக்கு விட்ட இடம் மறந்துபோய், ஆபிரகாம், ஈசாக்கு அத்தனை பேரையும் தாண்டி நேரே மோதிரத்துக்கு வந்துவிட்டார். எனக்கு வெட்கத்தில் முகம் எரிந்தது. என் மனைவியோ முக்காட்டுக்குள் சிரித்துக்கொண்டிருந்தாள். விருந்தில் அவள் என்னிடம் பேசிய முதல் பேச்சே, "அந்தத் தொரைக்கு இன்னொரு துண்டு கேக்கு குடுங்க" என்பதுதான்.

இத்தனை வெட்டு வெட்டியவர் ஒரு தடவை தோற்றார். அது நமுனுகுலப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் நடந்தது.

காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்களத்தில் துணியைக் கட்டினோம். இருட்டினதும் தொழிலாளிகள் வரிசையாகக் குடியிருக்கும் லயங்களிலிருந்து சனங்கள் கம்பளியைப் போர்த்திக்கொண்டு வந்து தரையில் உட்கார்ந்தார்கள். படத்தில் ஒரு மீசைக்காரன். நல்லவன். கடைசியில் துரோகி ஒருவன் அவனைச் சுட்டுவிடுகிறான். மீசைக்காரன் கையை விரித்துக்கொண்டு சாய்கிறான். படம் முடிந்தது. நான் கும்பிட்டுத் துணியை அவிழ்க்கப் போனேன். ஒருவரும் எழுந்திருக்கவில்லை.

"படம் முடிஞ்சிருச்சுங்க" என்றேன்.

பெரிய கங்காணி முன்வரிசையில் இருந்து நிதானமாக எழுந்தார். "எப்படிங்க முடியும்? ஆளு இன்னும் கெடக்கிறானே."

எனக்கு விளங்கவில்லை. அவரே விளக்கினார். "தப்பா நெனக்காதீங்க. மாசியில இங்க காமன் கூத்து வெக்கிறோம். காமன எரிப்போம். எரிச்ச மூணாம் நாளு எழுப்பிருவோம். எழுப்பாம கலைஞ்சு போனா தோட்டத்துக்கு ஆகாது. நீங்க ஆளக் கொன்னுட்டுத் துணிய மடிக்கிறீங்க."

"இது நெசமில்லங்க. நடிப்பு."

"காமனும் நடிப்புதான். வேசங்கட்டுறது நம்ம மேட்டு லயத்து மாரிமுத்து. அதுக்காக அவன எரிச்ச எடத்துலயே வுட்டுட்டா போறோம்?"

பின்னாலிருந்து ஒரு அம்மா குரல் கொடுத்தாள். "புள்ளகுட்டி இருக்கிற எடம்யா. எழுப்பிட்டுப் போங்க."

பங்களாவிலிருந்து தோட்டத் துரை ஆள் அனுப்பினார். காலையில் பெரட்டுக்கு ஒரு ஆள் குறைந்தாலும் பயாஸ்கோப்புக்காரர்கள்தான் பொறுப்பு என்று செய்தி வந்தது. முதலாளி என்னைப் பார்த்தார். நான் கத்திரித் தொரையைப் பார்த்தேன். ஒரு விஷயம் அப்போதுதான் கவனித்தேன். கங்காணி பேசிய அவ்வளவு நேரமும் அவர் கத்திரியைத் தொடவே இல்லை. முழுசாகக் கேட்டிருக்கிறார்.

"எழுப்பணும். சரி" என்றார்.

சுருளை இழுத்துப் படத்தின் ஆரம்பத்துக்குப் போனார். அங்கே மீசைக்காரன் காலையில் கட்டிலில் கண்விழித்து, கையைத் தூக்கிச் சோம்பல் முறித்து, முதுகைச் சொறிந்து, ஜன்னல் வெளிச்சத்தைப் பார்த்துச் சிரிக்கிற ஒரு துண்டு இருந்தது. அதை வெட்டியெடுத்தார். ஓரத்தைச் சுரண்டி, பசை தடவி, சாவுக்குப் பின்னால் வைத்து அழுத்தினார். அந்தப் பசை கனிந்த வாழைப்பழம் மாதிரி மணக்கும். மெஷின் மறுபடி சுற்றியது. மீசைக்காரன் சுடப்பட்டான், சாய்ந்தான், கண்விழித்தான், சோம்பல் முறித்தான். பெண்கள் குலவையிட்டார்கள். யாரோ தப்பு மேளத்தை எடுத்து வந்து அடித்தார். துணிக்கு முன்னால் சூடம் கொளுத்தினார்கள். பிறகு எல்லோரும் நல்லபடியாகத் தூங்கப் போனார்கள்.

செய்தி தோட்டம் தோட்டமாகப் பரவியது. அதற்குப் பிறகு ஊவா மலையில் எந்த ஆளையும் எழுப்பாமல் எங்களால் ஒரு படத்தை முடிக்க முடியவில்லை. எல்லாப் படத்துக்கும் அந்த ஒரே துண்டுதான். 'எழும்புற துண்டு' என்று அதற்குப் பேரே விழுந்துவிட்டது. கொள்ளைக்காரன் செத்தால் மீசைக்காரன் எழும்புவான். ராணி விஷம் குடித்தால் மீசைக்காரன் எழும்புவான். ஒரு படத்தில் குதிரை ஒன்று பள்ளத்தில் விழுந்து செத்தது. அதற்கும் அவனே எழும்பி முதுகைச் சொறிந்தான். நான் பயந்துகொண்டே நின்றேன். சனங்கள் ஒரு சொல் சொல்லவில்லை. எழும்பினால் சரி, யார் எழும்பினால் என்ன என்று விட்டுவிட்டார்கள்.

பெரிய யுத்தம் வந்தது. எங்கோ ஐரோப்பாவில் நடக்கிற சண்டைக்கு ஜவுளிக்கடைப் பின்கட்டில் என்ன வேலை என்று நாங்கள் நினைத்தோம். பொலிஸ் இன்ஸ்பெக்டர் வந்தார். தங்கமான மனிதர். அதற்கு முன்னால் ஒருமுறை பசை வாசத்தை மோந்து, பழத்தில் சாராயம் காய்ச்சுகிறோம் என்று பிடிக்க வந்தவர், படம் பார்க்க உட்கார்ந்துவிட்டார். அன்றிலிருந்து முன்வரிசை நாற்காலி அவருடையது.

"தப்பா நெனைக்காதிங்க முதலாளி. வெளிநாட்டுக்காரங்க எல்லாரையும் விசாரிக்கச் சொல்லியிருக்காங்க. எதிரி நாட்டுக்காரர்னா யுத்தம் முடியிற வரைக்கும் முகாம்லதான் இருக்கணும். இவரு எந்த நாடு?"

"போலந்து" என்றார் கத்திரித் தொரை.

இன்ஸ்பெக்டர் முகம் வாடிவிட்டது. "அப்படி ஒரு நாடு இப்ப இல்லயே."

அது உண்மைதான். அவர் பிறப்பதற்கு வெகுகாலம் முன்பே மூன்று ராஜாக்கள் சேர்ந்து அந்த நாட்டை ஆளுக்கொரு துண்டாக வெட்டி எடுத்துக்கொண்டுவிட்டார்கள். இரண்டு துண்டு இப்போது எதிரிகளிடம் இருந்தது. ஒரு துண்டு ரஷ்யாவிடம் இருந்தது. ரஷ்யாவோ நம் இங்கிலீஷ் ராஜாவின் கூட்டாளி. அவர் பிறந்த வார்சா அந்த ரஷ்யத் துண்டில்தான் கிடந்தது. 'ரஷ்யா' என்று ஒரு சொல் சொன்னால் போதும். இன்ஸ்பெக்டர் தேத்தண்ணி குடித்துவிட்டுப் போய்விடுவார்.

அந்த ஒரு சொல்லை அவர் வாயிலிருந்து எங்களால் வாங்க முடியவில்லை. முதலாளி கெஞ்சினார். "துரை, ஒரு சொல்லுத்தானே, செல்லிப்போட்டு வாங்க. பொறகு மறந்திடுவோம்." என் மனைவி சோறு போட்டுக்கொண்டே கெஞ்சினாள். நான் கெஞ்ச ஆரம்பித்தேன், சக்! எனக்குக் கோபம் வந்துவிட்டது. "ஊர்ல உள்ளதெல்லாத்தையும் வெட்டுறீங்களே! தொப்பிக் குஞ்சத்த வெட்டுனீங்க, பாதிரியார் பிரசங்கத்த வெட்டுனீங்க. இந்த ஒன்ன வெட்டுனா என்ன?" என்று கத்தினேன்.

அவர் கத்திரியைக் கையில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்தார். "எத வெட்டலாம், எத வெட்டக் கூடாது, எனக்குத் தெரியும். அதான் என் வேல. இத வெட்டினா படம் இல்ல" என்றார். அவர் என்னிடம் ஒரே மூச்சில் அவ்வளவு நீளமாகப் பேசியது அதுதான் முதல் தடவை.

விசாரணைக்கு வெள்ளைக்கார அதிகாரி ஒருவரிடம் போனோம். தொரைக்கு இங்கிலீஷ் வராது, தமிழ்தான் வரும். ஆகவே மொழிபெயர்க்க நான் நின்றேன். அதிகாரி என்ன நாடு என்று கேட்டார். இவர் தமிழில், "மூணு பேரு வெட்டுன நாடு. இன்னும் ஒட்டல" என்றார். நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, "ரஷ்யச் சக்கரவர்த்தியின் விசுவாசமுள்ள பிரஜை என்று சொல்கிறார்" என்று இங்கிலீஷில் சொன்னேன். வாயில்லாத படங்களுக்கு இத்தனை காலம் பேசியவன் நான். ஒரு மனிதரைக் காப்பாற்ற ஒரு வரி மாற்றிச் சொல்ல மாட்டேனா? இன்றைக்கும் சொல்வேன். ஆனால் 'ரஷ்யா' என்ற சத்தம் அவர் காதில் விழுந்துவிட்டது. சக்! அறையே அதிர்ந்த மாதிரி இருந்தது. "போலந்து" என்றார், அதிகாரியின் முகத்தைப் பார்த்து.

அதிகாரியும் கெட்டவர் இல்லை. பூகோளப் படத்தை விரித்து, அப்படியொரு பெயர் எங்கும் இல்லை என்று காட்டினார். இவர் குனிந்து பார்த்து, மூன்று நிறங்கள் சந்திக்கும் இடத்தில் விரலை வைத்து, "வெட்டுத் தெரியுது பாரு" என்றார். நான் அதை மொழிபெயர்க்கவில்லை. தேவைப்படவும் இல்லை. நண்பன் என்று நிரூபிக்காத அந்நியருக்கு என்ன விதியோ அதுதான் நடந்தது.

முகாம் பண்டாரவளைக்கு அப்பால், ஓயாமல் காற்றடிக்கிற ஒரு மேட்டில் இருந்தது. கொஞ்ச காலத்தில் மற்றக் கைதிகளையெல்லாம் கப்பலேற்றி வேறு தேசத்துக்கு அனுப்பிவிட்டார்கள். இவரை எந்த நாட்டுக்காரரோடு சேர்த்து ஏற்றுவது என்று யாருக்கும் தெரியவில்லை. விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். அத்தனை தகரக் கொட்டகைகளுக்கும் நடுவில் இவர் ஒருவர்தான் கைதி. காவலுக்கு ஒரு பொலிஸ்காரர். அந்த மனிதர் மொனராகலைக்காரர், வெயிலில் வளர்ந்தவர். மலைக்குளிரில் கைதியைவிட அதிகமாக நடுங்கினார். பார்க்கப் பொறுக்காமல் தொரை தன் கோட்டைக் கழற்றி அவருக்குக் கொடுத்துவிட்டார். பொத்தான் இல்லாத கோட்டை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டுதான் அவர் காவல் காத்தார். துப்பாக்கியைத் தொரைதான் வைத்திருக்க வேண்டியதாயிற்று.

நானும் முதலாளியும் சுருள்களை வண்டியில் ஏற்றிக்கொண்டு அங்கேயே போனோம். வேறு யார் வெட்டி ஒட்டுவது? பொலிஸ்காரர் சுருளின் ஒரு முனையைப் பிடித்துக்கொள்வார். முகாமெல்லாம் வாழைப்பழ வாசம் வீசும். ஆனால் ஒரு மாற்றம் வந்தது. அங்கே போய் ஒரு வருஷத்துக்குப் பிறகு அவரிடமிருந்து வந்த படங்களில் ஆட்கள் நடந்தார்கள். வீட்டிலிருந்து கிளம்பி, தெருத் தெருவாக, பாலத்தைக் கடந்து, ஸ்டேஷன் வரைக்கும் நடந்தார்கள். ஒரு அடி வெட்டப்படவில்லை. சனங்கள் கொட்டாவி விட்டார்கள். நான் அவரிடம், "தொரை, நடைய விட்டுட்டீங்களே?" என்று கேட்டேன்.

அவர் வேலியைப் பார்த்துக்கொண்டு, "நடக்கட்டும். பாவம்" என்றார்.

யுத்தம் முடிந்தது. சில நாள் கழித்து முதலாளி பத்திரிகையைத் தூக்கிக்கொண்டு கடையிலிருந்து எங்கள் வீட்டுக்கே ஓடிவந்தார். அவர் ஓடி நான் பார்த்ததில்லை. "மகன்! துரையோட நாடு திரும்ப வந்திட்டாம்! மூணு துண்டும் சேந்திட்டாம்!" என் மனைவி அரிசி புடைத்துக்கொண்டிருந்த சுளகைக் கீழே வைத்துவிட்டு அழுதாள். இன்ஸ்பெக்டர் தானே போய் அவரைக் கூட்டி வந்தார். பொலிஸ்காரரும் கோட்டைப் பிடித்துக்கொண்டு கூடவே வந்தார். முகாமில் காவல் காக்க இனிக் கைதி இல்லையே.

ஊருக்குப் போகும் முன் நமுனுகுலத் தோட்டத்தில் ஒரு படம் காட்ட வேண்டும் என்றார் கத்திரித் தொரை. அதே பெரட்டுக்களம், அதே கம்பளிகள். மெஷினில் கண்ணாடித் துண்டுகளையும் வைத்துக் காட்டலாம். அவர் தன் நாட்டை மூன்று கண்ணாடித் துண்டில் மையால் வரைந்திருந்தார். துணியில் மூன்று கறுப்புத் துண்டுகள் தள்ளித் தள்ளித் தெரிந்தன. நான் பிரம்பை எடுத்தேன்.

"இதுதான் நம்ம தொரையோட நாடு. மூணு ராஜாமாரு சேர்ந்து இத வெட்டிப் போட்டாங்க."

"எப்ப?" என்றார் பெரிய கங்காணி.

"தொரையோட பாட்டன் காலத்துக்கும் முந்தி."

"இம்புட்டுக் காலமா எழுப்பாமயா போட்டு வச்சிருந்தாங்க? என்ன மனுசங்கய்யா!" கூட்டம் முழுக்க முணுமுணுத்தது. ஒரு அம்மா ராஜாமார்களை நன்றாகத் திட்டினாள்.

துணியில் தொரையின் விரல்கள் மலை மாதிரித் தடிமனாக வந்தன. ஒரு துண்டைத் தள்ளின, இன்னொன்றைத் தள்ளின. மூன்றும் ஒட்டிக்கொண்டன. அடுத்த கணம் மீசைக்காரன் கண்விழித்தான். கையைத் தூக்கிச் சோம்பல் முறித்தான், முதுகைச் சொறிந்தான், வெளிச்சத்தைப் பார்த்துச் சிரித்தான். குலவை வானத்துக்குப் போயிற்று. தப்பு அதிர்ந்தது. அந்தச் சனங்களில் ஒருவருக்கும் அந்த நாடு எந்தத் திசையில் இருக்கிறது என்று தெரியாது. இருந்தும் அதற்காகச் சூடம் கொளுத்தி, தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். நானும் ஒற்றிக்கொண்டேன். என் பாதிரியாருக்குத் தெரிந்தால் தெரியட்டும்.

கண்ணைத் துடைத்துக்கொண்டு மெஷின் பக்கம் திரும்பினேன். அங்கே பொலிஸ்காரர் மட்டும் நின்றார்.

"தொரை எங்க?"

"வெட்டினார். பையில போட்டார். போனார்" என்றார் அவர். கூடவே இருந்து அவருக்கும் அந்தப் பேச்சு ஒட்டிக்கொண்டிருந்தது. சுருளைப் பார்த்தேன். எழும்புற துண்டு சுத்தமாக வெட்டி எடுக்கப்பட்டிருந்தது. கீழ் ரோட்டில் பண்டாரவளைப் பக்கமாக ஒரு வண்டி விளக்கு போய்க்கொண்டிருந்தது. முதலாளி அவருக்குக் கட்டி வைத்திருந்த சாப்பாடு அப்படியே இருந்தது. நான் கட்டி அழத் தயாராக வந்திருந்தேன். ஒரு பேச்சும் தயார் பண்ணியிருந்தேன், நல்ல நீளமான பேச்சு. எனக்கு அவர்மேல் வந்த கோபத்துக்கு அளவில்லை.

"விடைபெறுற துண்ட அவரு எந்தப் படத்துல விட்டு வச்சாரு, இதுல வைக்க?" என்றாள் என் மனைவி.

பிறகு ஒரு தகவலும் இல்லை. சொந்த நாட்டில் பெரிய கம்பனியில் படம் வெட்டுகிறார் என்று முதலாளி எல்லோரிடமும் சொல்வார். யார் சொன்னது என்று கேட்டால் கோபித்துக்கொள்வார்.

அடுத்த தோட்டத்தில் படம் காட்டினோம். படத்தில் ஒரு மாலுமி செத்தான். படம் முடிந்தது. சனங்கள் எழுந்திருக்கவில்லை. துண்டுதான் இல்லையே. முதலாளி என்னைப் பார்த்தார். நான் யாரைப் பார்ப்பது? பிரம்பைக் கீழே வைத்தேன். வெறும் வெளிச்சம் விழுகிற துணிக்கு முன்னால், இத்தனை பெரிய உடம்பை வைத்துக்கொண்டு மல்லாந்து படுத்தேன். கண்விழித்தேன். கையைத் தூக்கிச் சோம்பல் முறித்தேன், முதுகைச் சொறிந்தேன், சிரித்தேன். பிறகு குலவை கேட்டது.

இன்றைக்கு வரைக்கும் அப்படித்தான் நடக்கிறது. பதுளைக்கு ரயிலே வந்துவிட்டது. எனக்கு முழங்கால் வலி வந்துவிட்டது. ஆனாலும் ஊவாவில் படத்தில் யார் செத்தாலும் நான்தான் எழும்புகிறேன். என் மனைவிக்கு ஒரு குறை உண்டு. "ஏன் இப்படி இழுக்கிறீங்க? கொட்டாவி ஒன்னு, நெட்டி முறிக்கிறது ஒன்னு, திரும்பிப் படுக்கிறது ஒன்னு. எழும்ப இவ்வளவு நேரமா?" என்று ஒவ்வொரு தடவையும் கேட்கிறாள். அவளுக்கு எப்படிச் சொல்வது என்று தெரியாமல் முழங்கால் மேல் பழி போட்டுவிடுகிறேன். வேண்டுமென்றுதான் இழுக்கிறேன். கண்ணை மூடிக் கிடந்து, தேவைக்கு மேல், பொறுக்க முடியாத அளவுக்கு இழுக்கிறேன். அப்படி இழுத்தால் இருட்டில் பின்வரிசையிலிருந்து அந்தச் சத்தம் ஒரு தடவையாவது கேட்காதா என்றுதான் காதைத் தீட்டிக்கொண்டு கிடக்கிறேன்.